நாராமச்சியில் ஒரு முற்பகல்

ஜப்பான் தேசத்தின் பழந்தலைநகரங்களுள் ஒன்று நாரா. கி.பி. 710 முதல் 784 வரை, நடுவில் சில ஆண்டுகள் நீங்கலாக, அந்நாட்டுச் சக்கரவர்த்திகள் அங்கிருந்தே அரசாண்டனர். ராஜசிம்ம பல்லவர் காஞ்சியில் கயிலாசநாதர் ஆலயம் எழுப்பிய காலத்தை ஒட்டியது அது என்று சொன்னால் நம் வாசக அன்பர்களுக்கு எளிதில் விளங்கும்.

அந்நகரத்துக்கும் நமக்கும் ஒரு பழைய உறவு உண்டு. போதிசேனர் என்ற துறவி பாரதத்திலிருந்து சீனம் சென்று, அங்கிருந்து கடல் கடந்து 736-ஆம் ஆண்டு ஜப்பானை அடைந்தார். தென்னிந்தியாவைச் சேர்ந்த பிராமண குலத்தவர் என்றும், பாரத்வாஜ வம்சத்தவர் என்றும் அவருடைய சீடர் எழுதிய புகழுரை கூறுகிறது. நாராவின் தோதாய்ஜி ஆலயத்தில் பெரிய புத்தர் சிலையை வார்த்து முடித்த பின்னர், 752-ஆம் ஆண்டு அச்சிலைக்குக் கண் திறந்தவர் இவரே. நம் ஊரில் ஸ்தபதி பொன்னூசி கொண்டு செய்கிற நயனோன்மீலனத்தை அங்கே தூரிகை கொண்டு செய்தார்கள். அத்தூரிகையில் நீண்ட கயிறு கட்டி, கூடியிருந்தோர் அக்கயிற்றைப் பற்றிக்கொண்டு புண்ணியத்தில் பங்கு பெற்றார்களாம். அத்தூரிகையும் கயிறும் ஷோசோயின் என்ற பண்டகசாலையில் இன்றளவும் பத்திரமாக இருக்கின்றன. முப்பத்தைந்து ஆண்டுகள் வங்கியில் பாதுகாப்புப் பெட்டகங்களோடு பழகியவன் என்ற முறையில், 1200 ஆண்டுகளுக்கு மேலாக ஒரு கயிற்றைக் காத்து வைத்திருக்கும் அந்தப் பண்டகசாலைக்காரர்களை நான் மனதார வணங்குகிறேன்.

ஆயினும் நான் எழுத வந்தது பெரிய புத்தரைப் பற்றி அன்று. அன்று நாங்கள் அவரைத் தரிசிக்கவேயில்லை. நாராவின் தென்பகுதியில் நாராமச்சி என்றொரு பழைய பேட்டை இருக்கிறது. குறுகிய சந்துகளும் மரவீடுகளும் நிறைந்த இடம். அங்கே சுமார் இரண்டு மணி நேரம் நடந்தோம். அவ்வளவே.

காரணத்தைச் சொல்லிவிடுகிறேன். என் மகளும் மாப்பிள்ளையும் ஒசாகாவில் வசிக்கிறார்கள். திருமணமாகி ஆறு ஆண்டுகளுக்குப் பின் மகள் கருவுற்றாள். பிரசவத்துக்குப் போக நானும் என் மனைவியும் பயணச்சீட்டு வாங்கி வைத்திருந்தோம். வளைகாப்புக்கு நாள் பார்த்து, கண்ணாடி வளையல்கள்கூட வாங்கியாயிற்று. ஏழாம் மாதத்தில் குழந்தை வயிற்றுக்குள்ளேயே அடங்கிவிட்டது. மூன்று மாதம் கழித்துப் போக வேண்டியவர்கள் மூன்றாம் நாளே போனோம்.

புறப்படும் முன் எங்கள் குடும்பப் புரோகிதரைக் கேட்டேன். பல் முளைக்காத சிசுவுக்கே கிரியைகள் கிடையாது, பிறவாத சிசுவுக்கு ஏது என்றார். கடன் எதுவும் படாத ஜீவன், அதற்குத் தீர்க்க வேண்டியது ஒன்றுமில்லை என்றும் ஆறுதலாகச் சொன்னார். கணக்கே தொடங்காதபோது கணக்கு முடிப்பது எப்படி? வங்கிக்காரனாகிய எனக்கு அந்த நியாயம் விளங்கிற்று. என் மனைவிக்கு விளங்கவில்லை. மகளோ எதையும் கேட்கவுமில்லை, சொல்லவுமில்லை. இரண்டு மாதங்கள் சமைத்ததைச் சாப்பிட்டாள், கேட்டதற்குப் பதில் சொன்னாள். மருத்துவர் தினமும் கொஞ்சம் நடக்கச் சொல்லியிருந்தார். ஐப்பசி மாதத்தில் ஒருநாள், "நாராவுக்குப் போய் நடக்கலாமா அப்பா?" என்று அவளே கேட்டாள். அவளாக ஒன்றைக் கேட்டது அதுவே முதல் தடவை.

ஒசாகாவின் நம்பா நிலையத்திலிருந்து நாராவுக்கு ரயிலில் ஏறத்தாழ நாற்பது நிமிடம். நாராவை நெருங்கும்போது ரயில் பழைய அரண்மனை இருந்த பெருந்திடலின் ஊடே செல்கிறது. ஜன்னல் வழியே, புதிதாக எடுத்துக் கட்டிய சிவந்த தூண்களையுடைய அரண்மனை வாயில் தெரிகிறது. நிலையத்தை விட்டு வெளியே வந்து கடைவீதியைக் கடந்தால் பத்து நிமிடத்தில் சருசவா குளம்.

குளம் சிறியதுதான். சுற்றிவர ஐந்து நிமிடம் போதும். கரையெங்கும் அலரி போன்ற இலையுடைய, கிளை தொங்கும் மரங்கள். ஆமைகள் கல்லின்மேல் ஏறி வெயில் காய்கின்றன. பிடிபட்ட உயிர்களை நீரில் விட்டுப் புண்ணியம் தேடும் சடங்குக்காக, மேட்டின் மேலுள்ள கோஃபுகுஜி ஆலயத்தார் 749-ஆம் ஆண்டில் அமைத்த குளம் இது. அச்சடங்கு இன்னும் நடக்கிறது. குளக்கரையிலிருந்து ஆலயத்துக்கு ஏறுவதற்கு 52 படிகள். போதிசத்துவர் கடக்க வேண்டிய 52 நிலைகளை அவை குறிக்கின்றனவாம். சபரிமலைக்குப் போய் வந்தவர்களுக்குப் படிக்கணக்கின் பொருளை யாரும் விளக்க வேண்டியதில்லை.

மேட்டின் மேல் 1426-ஆம் ஆண்டு எழுப்பிய ஐந்தடுக்குக் கோபுரம், ஐம்பது மீட்டர் உயரம். படங்களில் எல்லாம் அதன் நிழல் குளத்தில் விழுந்து அழகாகத் தெரியும். நாங்கள் போன சமயம் திருப்பணிக்காகச் சாரம் கட்டி மூடும் வேலை நடந்துகொண்டிருந்தது. முடியப் பல ஆண்டுகள் ஆகும் என்றார்கள். வெளிநாட்டுப் பயணிகள் சிலர் ஏமாற்றத்தோடு நின்றார்கள். எனக்கு ஏமாற்றமில்லை. பாலாலயம் செய்து சாரம் கட்டிய கோபுரங்களைப் பார்த்தே வளர்ந்தவர்கள் நாம். திருப்பணி நடக்கிறதென்றால் கேட்பார் இருக்கிறார்கள் என்றுதானே பொருள்?

குளத்தின் வடமேற்கு மூலையில் ஒரு சிறு சன்னதி, குளத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறது. சக்கரவர்த்தியின் அன்பை இழந்த அரண்மனைப் பெண் ஒருத்தி அக்குளத்தில் வீழ்ந்து உயிர் நீத்தாள் என்றும், அவளுக்காக எழுப்பிய சன்னதி, அந்த நீரைக் காணச் சகியாமல் ஓரிரவில் தானே திரும்பிக்கொண்டது என்றும் கதை. நந்தனாருக்காக நந்தி விலகிய திருப்புன்கூரை நினைத்துக்கொண்டேன். மகள் அந்தச் சன்னதியின் முதுகையே சற்று நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். நாங்கள் ஒன்றும் பேசவில்லை.

குளத்திலிருந்து தெற்கே இறங்கினால் நாராமச்சி. முற்காலத்தில் இந்தப் பேட்டை முழுவதும் கங்கோஜி என்ற பேராலயத்தின் வளாகமாக இருந்தது. 1451-ஆம் ஆண்டு ஒரு கிளர்ச்சியில் மூண்ட தீயில் ஆலயத்தின் பெரும்பகுதி அழிந்தது. வெறுமையான நிலத்தில் மக்கள் வீடு கட்டிக் குடியேறினார்கள். வணிகர்கள் வந்தார்கள். எண்ணெய் விளக்கின் புகையைப் பிடித்து, பசை சேர்த்து, எழுதும் மைக்கட்டி செய்பவர்கள் வந்தார்கள். அகல் விளக்கின்மேல் தட்டைக் கவிழ்த்து, படியும் கரியை வழித்துக் கண்மை கூட்டிய நம் பாட்டிமார்கள் அந்தத் தொழிலைப் பார்த்தால் வியக்கமாட்டார்கள்.

வீடுகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். தெருப்பக்கம் குறுகலாகவும் உள்ளே மிக நீளமாகவும் அமைந்தவை. தெருவை நோக்கி மரக்கிராதி. உள்ளிருப்பவர்க்கு வெளியே தெரியும், வெளியே இருப்பவர்க்கு உள்ளே தெரியாது. பழைய முறைப்படி கட்டிக் காட்சிக்கு வைத்திருக்கும் மரக்கிராதி வீடு ஒன்றில் கட்டணமின்றி நுழைந்து பார்க்கலாம். செருப்பைக் கழற்றிவிட்டு ஏறினோம். ஒருபுறம் வாயிலிலிருந்து பின்கட்டு வரை மண்தரை நடை. அதிலேயே அடுப்பு. மறுபுறம் கோரைப்பாய் விரித்த அறைகள் ஒன்றன்பின் ஒன்றாக. நடுவே வானம் பார்த்த சிறு முற்றம். திண்ணை ஒன்றுதான் இல்லை, மற்றபடி ரேழி, கூடம், முற்றம், கொல்லை என்று நம் கும்பகோணத்து வீட்டுக்குள் நடப்பது போலவே இருந்தது. மாடிப்படியின் கீழெல்லாம் இழுப்பறைகள். ஓர் அங்குலத்தையும் வீணாக்காத அந்தச் சிக்கனத்தை நான் ரசித்துக்கொண்டிருந்தபோது, என் மனைவி அடுப்படியில் நின்று, "இவ்வளவு தாழ்வா இருக்கே, குனிஞ்சு குனிஞ்சு அந்தப் பொம்மனாட்டிகளுக்கு இடுப்பு என்னத்துக்கு ஆகும்?" என்றாள். இருவர் பார்வையும் நியாயமானதே.

சந்துகளில் நடக்கையில் வீட்டுக்கு வீடு இறவாரத்தில் சிவப்புத் துணியால் செய்த உருண்டைகள் சரமாகத் தொங்குவதைக் காணலாம். முதலில் திருஷ்டிக்குக் கட்டும் மிளகாய்ச் சரம் என்றே எண்ணினேன். கிட்டத்தட்ட அதுதான். கைகால்களைச் சேர்த்துக் கட்டிய குரங்குப் பொம்மைகள் அவை. வீட்டில் எத்தனை பேரோ அத்தனை குரங்குகள். ஒவ்வொருவருக்கும் வரவிருக்கும் கஷ்டத்தை அவரவர் குரங்கு தன்மேல் வாங்கிக்கொள்ளும் என்பது நம்பிக்கை.

இதன் பின்னே கோஷின் என்றொரு வழிபாடு உண்டு. சீனத்திலிருந்து வந்த நம்பிக்கை. மனித உடலுக்குள் மூன்று புழுக்கள் வாழ்கின்றன. 60 நாட்களுக்கு ஒருமுறை வரும் கோஷின் இரவில், நாம் உறங்கும்போது, அவை மேலேறிச் சென்று நம் குற்றங்களைத் தேவலோகத்து அதிபதியிடம் அறிவிக்கின்றன. சித்திரகுப்தருக்கு உதவியாக உள்ளிருப்புத் தணிக்கையாளர்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். உறங்காமலிருந்தால் அவற்றால் வெளியேற முடியாது. எனவே அவ்விரவு முழுவதும் விழித்திருப்பார்கள். நாம் சிவராத்திரியில் கண் விழிப்பது இறைவனோடு இருக்க, இவர்கள் விழிப்பது அறிக்கை போகாதிருக்க! தணிக்கைக்கு முந்தைய இரவு உறங்காத வங்கி மேலாளர்கள் பலரை நான் அறிவேன். ஆகையால் எனக்கு இதில் சிரிப்பதற்கு உரிமையில்லை. இந்தக் கோஷின் தெய்வத்தின் ஏவலர்கள்தாம் குரங்குகள். காந்தியடிகள் வைத்திருந்த, கண், காது, வாய் பொத்திய மூன்று குரங்குகளும் இந்த வழிபாட்டோடு தொடர்புடையவையே.

ஒரு சிறு கடையில் அக்குரங்குச் சரங்கள் விற்றார்கள். என் மனைவி ஆசையோடு எடுத்துப் பார்த்தாள். கடைக்கார அம்மையார் மகளிடம் ஜப்பானிய மொழியில் ஏதோ கேட்டார். வீட்டில் எத்தனை பேர் என்பதுதான் கேள்வி என்பது எனக்கே விளங்கிற்று. மகள் பதில் சொல்ல வாயெடுத்தாள், நிறுத்தினாள். விரல்களை மடக்கினாள். பிறகு, "அப்புறம் வாங்கிக்கலாம்மா" என்று சொல்லிவிட்டு வெளியே போய்விட்டாள்.

அங்கிருந்து கங்கோஜிக்குச் சென்றோம். பேராலயத்தில் எஞ்சியது கொஞ்சம்தான், அதுவும் உலகப் பாரம்பரியச் சின்னம். ஆலயத்தின் வரலாறு நாராவைவிடப் பழையது. ஜப்பானின் முதல் பெரும் பௌத்த ஆலயமாக அசுகா என்னும் ஊரில் ஆறாம் நூற்றாண்டின் இறுதியில் எழுந்தது. தலைநகரம் நாராவுக்கு மாறியபின், 718-இல் ஆலயமும் இங்கே வந்தது. கூரை ஓடுகள் சிலவற்றையும் பெயர்த்துக் கொண்டுவந்தார்கள். கொரிய நாட்டு ஓட்டுத் தொழிலாளர்கள் வந்து கற்றுக்கொடுத்துச் செய்த அந்த ஓடுகள் சில இன்னும் கூரையில் மழை தாங்குகின்றன. செம்மையும் பழுப்பும் கருமையுமாக ஒரு கூரையில் பல நிறம். 1400 ஆண்டு ஓட்டுக்கு அருகிலேயே பின்னாளில் மாற்றிய ஓடு, இரண்டும் ஒரே வேலையைச் செய்துகொண்டிருக்கின்றன.

பிராகாரத்தில் ஏறத்தாழ 2500 சிறு கல் ஸ்தூபிகளும் கற்சிலைகளும் வரிசை வரிசையாக நிற்கின்றன. நடவு வயல் போலத் தோன்றுவதால் ஸ்தூபி வயல் என்றே பெயர். இறந்தவர்களுக்காகச் சாமானிய மக்கள் பல நூற்றாண்டுகளாக வைத்தவை. அவற்றில் பல ஐந்து பகுதிகள் கொண்டவை: அடியில் சதுரம், அதன்மேல் உருண்டை, அதன்மேல் கூம்பு, அதன்மேல் அரைவட்டம், உச்சியில் மணி போன்றதொரு முனை. நிலம், நீர், நெருப்பு, காற்று, ஆகாயம் என்று மகள் சொன்னாள். இந்த வகை ஸ்தூபிகளில் அ, வ, ர, ஹ, க என்ற வடமொழி பீஜாட்சரங்களைப் பழைய சித்தம் எழுத்தில் பொறிப்பது அவர்கள் வழக்கம். அதைக் கேட்டதும் என் மனைவி ஒரு ஸ்தூபியின் முன் குனிந்து, கீழிருந்து மேலாகக் காற்றிலேயே விரலை உயர்த்தி, "காஞ்சீபுரம், திருவானைக்கா, திருவண்ணாமலை, காளஹஸ்தி, சிதம்பரம்" என்று சொல்லி முடித்தாள். வரிசை பிசகவில்லை. மகள் முகத்தில் மெல்லிய புன்னகை ஒன்று வந்தது. அதைப் பார்த்து எத்தனை நாளாயிற்று!

ஆலயத்தை விட்டு வெளியே வந்து ஒரு சந்தில் திரும்பினோம். இரு வீடுகளுக்கு நடுவே, நம் ஊர்த் தெருமுனைப் பிள்ளையார் போல, மரக்கூரைக்குள் ஒரு கற்சிலை. மழித்த தலை, குழந்தை முகம், கழுத்தில் சிவப்புத் துணி. மூக்கும் வாயும் தேய்ந்து மழுங்கியிருந்தன. வயதான ஓர் அம்மையார் குடுவையில் பூ மாற்றிக்கொண்டிருந்தார்.

"இது யாரு?" என்றாள் என் மனைவி.

அதற்கு மகள் நீண்ட பதில் சொன்னாள். இரண்டு மாதங்களில் அவள் அவ்வளவு பேசியதில்லை. ஜிசோ என்பது பெயர். வழிப்போக்கர்களைக் காப்பவர், குழந்தைகளைக் காப்பவர். தாய் தந்தைக்கு முன்னே போய்விட்ட குழந்தைகள் ஒரு ஆற்றங்கரையில் கூழாங்கற்களை அடுக்கிக்கொண்டே இருக்குமாம். பெற்றவர்களுக்குப் புண்ணியம் சேர்க்கக் கோபுரம் கட்டுகின்றனவாம். அரக்கர்கள் வந்து தட்டிவிடுவார்கள். அப்போது ஜிசோ வந்து அக்குழந்தைகளைத் தம் அங்கியின் கைகளுக்குள் ஒளித்துக்கொள்வார். பிறவாமலே போன குழந்தைகளையும்.

அவரது வடமொழிப் பெயர் க்ஷிதிகர்ப்பர் என்பதை நான் படித்திருந்தேன். பூமியைக் கருவறையாக உடையவர். என் மனைவி தயங்கி நின்றாள். "நாம இதெல்லாம் செய்யலாமோ? நமக்கு விதிச்சதில்லையே" என்று என்னைக் கேட்டாள். விதிக்கவில்லை என்பது வேறு, விலக்கினார்கள் என்பது வேறு என்று நான் சொல்லத் தொடங்கினேன். சாஸ்திரம் நம் குழந்தைக்குக் கடன் இல்லை என்றுதான் சொன்னது, தாய்க்குத் துக்கம் இல்லை என்று எங்கும் சொல்லவில்லை. இதை இன்னும் விரிவாக விளக்க எண்ணியிருந்தேன். கேட்பதற்கு அங்கே யாருமில்லை. மகள் சிலை முன் மண்டியிட்டிருந்தாள், மனைவி அவள் பக்கத்தில்.

அந்த வயோதிக அம்மையார் எதுவும் விசாரிக்கவில்லை. கையிலிருந்த சிறு நீர்க்கெண்டியை மகளிடம் நீட்டி இரண்டு வார்த்தை சொன்னார். "தினம் நான் ஊத்தறேன், இன்னிக்கு நீ ஊத்து" என்றாராம். மகள் சிலையின் தலையில் நீர் வார்த்தாள். ஐப்பசி வெயிலில் கல் கறுத்துப் பளபளத்தது. கெண்டி காலியாகும் வரை வார்த்தாள். அதன் பின்னரே அழுதாள். அந்த அம்மையார் சந்தின் மறுபுறம் திரும்பி நின்றுகொண்டார், குளக்கரைச் சன்னதியைப் போல.

என் மனைவி கைப்பையில் எப்போதும் குலதெய்வத்தின் விபூதிப் பொட்டலம் இருக்கும். கற்சிலைக்கு இடலாமா என்று எடுத்தாள். பிறர் கோயிலில் நம் வழக்கத்தைப் புகுத்தலாகாது என்று எனக்குத் தோன்றிற்று. நான் சொல்லுமுன் அவளே மகளின் நெற்றியில் இட்டுவிட்டுப் பொட்டலத்தை மடித்தாள். அம்மையாரை மூவரும் கைகூப்பி வணங்கினோம். அவர் இடுப்பு வரை குனிந்து வணங்கினார். திரும்பிப் பார்க்கும்போதெல்லாம் குனிந்துகொண்டே இருந்தார்.

வந்த வழியே திரும்பினோம். குரங்குக் கடை முன் மகள் தானாகவே நின்றாள். "நாலு" என்று கேட்டு வாங்கினாள். பெற்றோர் இருவர், அவர்கள் இருவர். பணம் கொடுத்துவிட்டு, நான் பார்ப்பதைக் கண்டு, "அவனுக்கு வேண்டாம்ப்பா. அவனைப் பார்த்துக்க ஆள் இருக்கு" என்றாள்.

பிற்பகல் ரயிலில் கூட்டமில்லை. அரண்மனைத் திடலைக் கடக்கும்போது, பிள்ளைக்கு என்ன பெயர் வைப்பதாக இருந்தார்கள் என்பதை அம்மாவிடம் சொன்னாள். என் தகப்பனார் பெயர்தான் அது. ஒசாகா வரும் வரை தாயும் மகளும் பேசிக்கொண்டே வந்தார்கள். நம்பா நிலையத்தில் மாப்பிள்ளை அலுவலகத்திலிருந்து நேரே வந்து எங்களுக்காகக் காத்திருந்தார்.